ஏழாம் கேள்வியை வாசித்த குரல்

போன நவம்பரில் ஒரு மாலை, அரிசி கழுவிக்கொண்டு நின்றபோது கைபேசி அடித்தது. மொன்றியல் நகரசபைத் தேர்தல் பற்றிய சிறிய கருத்துக்கணிப்பு என்றது ஒரு பெண் குரல். முதலில் பிரெஞ்சில், பிறகு ஆங்கிலத்தில். நல்ல குரல். வழுக்கிக்கொண்டு வந்தது. ஆனால் கேள்வி முடிந்து பதில்களின் வரிசை தொடங்கும் இடத்தில் மூச்சு எடுக்கவேண்டும், அது எடுக்கவில்லை. அப்போதுதான் விளங்கியது, அங்கே ஆள் இல்லை. நான் வேண்டுமென்றே பதில் சொல்லாமல் நின்றேன். அது என் மௌனத்தைப் பொறுக்கவில்லை. மன்னிக்கவும், விளங்கவில்லை என்று சொல்லிவிட்டு அடுத்த கேள்விக்குத் தாவிவிட்டது. ஈரக் கையோடு சிரித்தேன். என்னை வீட்டுக்கு அனுப்பிவிட்டு வைத்துக்கொண்ட ஆள் இதுதானா? மௌனத்தில் நிற்கத் தெரியாத ஒன்றையா?

எங்கள் சங்கத்தின் ஆண்டு மலருக்கு வேலை அனுபவம் எழுதித் தரும்படி கேட்டிருந்தார்கள். வழமையாக வைத்தியர்களிடமும் பொறியியலாளர்களிடமும்தான் கேட்பார்கள். இந்த முறை யாரோ என் பெயரையும் சொல்லியிருக்கிறார்கள். நீங்கள் என்ன வேலை செய்தனீங்கள் அக்கா என்று கேட்ட பிள்ளைக்கு, அமெரிக்காவில் தேர்தல் நடத்தினேன் என்று சொன்னேன். அது சிரித்தது. சிரிக்கட்டும். மொன்றியலின் பார்க் எக்ஸ்டென்ஷன் பகுதியில், தையல் ஆலையாக இருந்த ஒரு கட்டடத்தின் மேல்மாடியில், பழைய தையல் இயந்திரங்களின் துளைகள் இன்னும் தரையில் கிடக்க, தலையில் ஒலிவாங்கி மாட்டிக்கொண்டு என் வாழ்க்கையின் நல்ல பகுதியை நான் அமெரிக்கர்களிடம் கேள்வி கேட்டே கழித்தேன். இப்போது எனக்கு ஐம்பத்தாறு வயது. ஓய்வு பெற்றவள் என்று பத்திரங்களில் போடுகிறார்கள். கதிரையை இழுத்துக்கொண்டவர்கள் அதற்கு ஓய்வு என்று பெயர் வைத்துக்கொள்கிறார்கள்.

மொன்றியலில் ஏன் அமெரிக்கர்களுக்கு ரெலிபோன் எடுக்கவேண்டும் என்று கேட்பீர்கள். எங்களால்தான். யாழ்ப்பாணத்தில் வேம்படி, சுண்டிக்குளிப் பள்ளிக்கூடங்களில் ஆங்கிலம் படித்துவிட்டு, பிரெஞ்சு இல்லாமல் வந்து இறங்கிய பெண்கள் இந்த நகரத்தில் எதற்கு உதவுவார்கள்? கடையில் பொன்ஷூர் என்று வணக்கம் சொல்லி நின்றால் அடுத்த வாக்கியத்தில் பிடிபட்டுவிடுவோம். எல்லைக்கு அந்தப் பக்கம் எங்களுக்கு வேலை இருந்தது. மாலையானால் படியேறிப்போய், குளிர்க்கோட்டைக் கழற்றிக் கதிரையில் போட்டுவிட்டு, நாங்கள் வேறு பெயர்களுக்கு மாறுவோம். சாந்தினி என்ற நான் சாண்டி. என் பக்கத்துக் கதிரை யோகம் அக்கா, ஜோய். அவவுக்கு அந்தப் பெயர் பிடிக்கும். "உண்மையான ஜோய் இஞ்சதான் இருக்கிறாள், வீட்டில இருக்கிறது யோகமில்லாத யோகம்" என்பா.

அமெரிக்காவில் சனாதிபதியைத் தெரிவு செய்யும் ஆண்டை உலகம் முழுவதும் பார்க்கும். அதற்கு இடையில் வரும் ஆண்டுகளை யாரும் பார்ப்பதில்லை, அமெரிக்கர்களும் பார்ப்பதில்லை. எங்கள் சோறு அந்த ஆண்டுகளில்தான் கிடந்தது. ஒற்றைப்படை ஆண்டு, நவம்பர் மாதம், செவ்வாய்க்கிழமை. ஒரு மாநிலத்தில் ஆளுநர். இன்னொன்றில் சட்டசபை. யாரோ இறந்துபோனதால் காலியான காங்கிரஸ் இடத்துக்கு ஓர் இடைத்தேர்தல். அதற்குக் கீழே ஊர்த் தேர்தல்கள்: நகரபிதா, ஷெரிப் என்ற பொலிஸ் தலைவர், நீதிபதி, பள்ளிக்கூடச் சபை, தண்ணீர்ச் சபை. சில இடங்களில் மரண விசாரணை அதிகாரிக்கும் வாக்குப் போடுவார்கள். "செத்தவனைப் பாக்கிறவனுக்கும் எலெக்சனோ, செத்தவனும் வந்து போடுவானோ" என்று யோகம் அக்கா முதல் நாள் கேட்டா. எங்கள் ஊரில் அதுவும் நடந்ததுதானே என்று யாரோ பின்னாலிருந்து சொல்ல, அறையே சிரித்தது.

நான் அதிகம் வாசித்த கேள்வி ஒன்றுதான். வரும் தேர்தலில் வாக்களிப்பது உங்களுக்கு எவ்வளவு நிச்சயம்? நிச்சயமாக, பெரும்பாலும், ஒருவேளை, இல்லை. அதற்கு வந்த பதில்களில் பாதி ஒரு கேள்வியாக வந்தது: "இந்த வருசம் தேர்தல் இருக்கா என்ன?" அப்படிக் கேட்ட ஒரு பெண்ணின் ஊரில் ஷெரிப் பதவிக்கு யார் போட்டியிடுகிறார்கள் என்று அவளுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். அவளுடைய பிள்ளைகளின் பள்ளிக்கூடத்துக் கூரை ஒழுகுவதும், அதைத் திருத்த வரி கேட்பதும் எனக்குத் தெரியும். என் சொந்தத் தெருவுக்கு நகரசபையில் யார் இருக்கிறார் என்று கேட்டால் நான் முழித்திருப்பேன். ஊரில் நான் வாக்குப் போட்டதில்லை. போடும் வயது வந்தபோது போடாதே என்று ஒரு பக்கம் இயக்கம் துவக்கை நீட்டி நின்றது, போடு என்று மறுபக்கம் இராணுவம் துவக்கை நீட்டி நின்றது. இங்கே குடியுரிமைக்குக் காத்திருந்த காலமெல்லாம், நிச்சயமாகவா, பெரும்பாலுமா என்று நான் மற்றவர்களைக் கேட்டுக்கொண்டிருந்தேன். அலுப்போடு அவர்கள் கொட்டாவி விடுவது காதுக்குள் கேட்கும். அந்தக் கொட்டாவியை நான் இன்னும் மன்னிக்கவில்லை.

எங்கள் மேலாளர் ராகவன் சேர். சென்னைக்காரர். ஒரு கல்லூரியில் புள்ளியியல் படிப்பித்துவிட்டு மகனோடு கனடா வந்தவர். சாம்பல் நிற ஸ்வெட்டர், மத்தியானத்துக்குத் தயிர்சாதம், எப்போதும் நின்றபடியே இருக்கும் கால்கள். அவர் குரல் உயர்த்தி ஒருநாளும் கேட்டதில்லை. எங்கள் கதிரைகளுக்குப் பின்னால் நடந்துகொண்டே ஒவ்வொருத்தியின் அழைப்பையும் தன் காதில் மாட்டிக் கேட்பார். யாராவது எழுதியிருப்பதை விட்டு ஒரு சொல் விலகினால், பேசாமல் வந்து அவளுடைய மேசையில் ஒரு பென்சிலை வைத்துவிட்டுப் போவார். அழைப்பு முடிந்ததும் அந்தப் பென்சிலை எடுத்துக்கொண்டு அவரிடம் போகவேண்டும். அவர் அதை வாங்கிக்கொண்டு, எந்த இடத்தில் விலகினாய் என்று சொல்லுவார். அவ்வளவுதான். திட்டு இல்லை, அபராதம் இல்லை. ஆனாலும் பென்சில் வந்த பெண்ணின் முகம் அன்று முழுவதும் கறுத்திருக்கும்.

"இது படிக்கிற வேலைம்மா, பேசற வேலை இல்ல" என்பார். "கேள்வியில உங்க முகம் தெரியக் கூடாது. 'ஓகோ'ன்னு சொல்லாதீங்க. 'நல்லது'ன்னு சொல்லாதீங்க. அவங்க நல்லது சொன்னாங்களா கெட்டது சொன்னாங்களான்னு உங்களுக்கு எதுக்கு?"

அவர் சொல்லித் தந்தவற்றில் எனக்குள் ஆழமாக இறங்கியது மௌனத்தைப் பற்றியது. கேள்வி கேட்டபின் அந்தப் பக்கம் சத்தம் இல்லாவிட்டால், புதிதாக வருபவர்கள் பதறுவார்கள். விளக்கம் சொல்லப் போவார்கள், பதிலையே எடுத்துக் கொடுப்பார்கள். யோகம் அக்கா எப்போதும் அதில்தான் பென்சில் வாங்குவா.

"அவங்க பேசாம இருந்தா நீங்களும் பேசாம இருங்க" என்பார் சேர். "ஒரு மூச்சு விடுங்க. அப்புறம் அதே கேள்வி, அதே வார்த்தை, ஒரே ஒரு தடவை. அப்பவும் வாய திறக்கலைன்னா, பதில் இல்லைன்னு போட்டுட்டு நன்றி சொல்லி வெச்சுடுங்க. பதில் இல்லைங்கறதுக்கும் ஒரு கட்டம் இருக்கு. அதை நீங்க நிரப்பப் பார்க்காதீங்க."

எங்கிருந்து அழைக்கிறாய் என்று யாரும் கேட்டால் மொன்றியல், கனடா என்று உண்மையைச் சொல்லவேண்டும். கேட்காவிட்டால் சொல்லத் தேவையில்லை. நீ எந்த நாட்டுக்காரி என்று கேட்டால், அதைப் பற்றிக் கதைக்க எனக்கு அனுமதி இல்லை என்று பணிவாகச் சொல்லிவிட்டுக் கேள்விக்குத் திரும்பவேண்டும். இந்த ஒழுங்கு எனக்குப் பிடித்திருந்தது. குண்டு எங்கே விழும், யார் கதவைத் தட்டுவான் என்று தெரியாமல் வளர்ந்த ஒருத்திக்கு, அடுத்த வாக்கியம் எதுவென்று அச்சிட்டு வைத்திருக்கும் வேலை எவ்வளவு பெரிய நிம்மதி என்று உங்களுக்குச் சொல்லி விளங்காது.

அந்த நிம்மதியின் மேல்தான் அது வந்து விழுந்தது.

ஓர் ஒற்றைப்படை ஆண்டின் ஒக்டோபர். தெற்கே ஒரு மாநிலம். மாவட்டத்தை அங்கே கவுண்டி என்பார்கள். அந்தக் கவுண்டியின் பள்ளிக்கூடச் சபைக்கு ஓர் இடம், இரண்டு வேட்பாளர்கள். யார் காசு கொடுத்துக் கேட்கச் சொல்கிறார்கள் என்று எங்களுக்கு ஒருபோதும் சொல்வதில்லை. கணினித் திரையில் கேள்விகள் வந்தன. இரண்டாவது வேட்பாளரின் பெயரைப் பார்த்ததும் யோகம் அக்கா கதிரையோடு திரும்பினா.

"அபிராமி. எடியே, எங்கட பிள்ளை."

"இந்தியாக்காரருக்கும் அபிராமி எண்டு பேர் இருக்கும்தானே" என்று ராகவன் சேரின் பக்கம் கண்ணைக் காட்டினேன்.

"பொறு, தகப்பன்ர பேரைப் பார். உது தீவுப்பக்கப் பேர். நான் காரைநகராள், எனக்குத் தெரியாதே?"

அன்று மாலை அறை கல்யாண வீடு மாதிரி இருந்தது. அமெரிக்காவில் எங்கள் பிள்ளை ஒன்று தேர்தலில் நிற்கிறது, அதைப் பற்றி நாங்களே கேட்கப்போகிறோம். அந்தச் சந்தோசம் ஆறாம் கேள்வி வரைக்கும் இருந்தது. ஏழாம் கேள்வியை நான் இங்கே தமிழில் தருகிறேன்: அபிராமியின் குடும்பத்தினருக்கு வெளிநாட்டு ஆயுத இயக்கம் ஒன்றோடு தொடர்பு இருந்தது என்று நீங்கள் அறிய வந்தால், அவருக்கு வாக்களிக்கும் வாய்ப்பு உங்களிடம் கூடுமா, குறையுமா, மாற்றமில்லையா?

ஒவ்வொருத்தியாக ஒலிவாங்கியைக் கழற்றினோம். வெந்நீர்க் குழாய் மட்டும் டக் டக் என்றது. குடும்பத்தில் தொடர்பு என்றால் அந்த அறையில் யாருக்கு இல்லை? என் வீட்டு முன்னறையில் அண்ணாவின் படம் தொங்குகிறது. பத்தொன்பது வயது, மீசை சரியாக முளைக்காத முகம். இயக்கத்துக்கு அவன் விரும்பிப் போனானா, கொண்டுபோனார்களா என்று இன்றுவரை அம்மா ஒரு கதையும் அப்பா ஒரு கதையும் சொல்கிறார்கள். அந்தக் கேள்வியை எழுதியவனுக்கு அபிராமியின் குடும்பத்தைப் பற்றி ஒன்றும் தெரிந்திருக்கத் தேவையில்லை. எங்கள் சாதிப் பெயர்கூடத் தெரியாதவனுக்கு, எங்களில் எவளைக் குத்தினாலும் இரத்தம் வரும் இடம் மட்டும் தெரிந்திருந்தது.

யோகம் அக்கா எழும்பினா. சேரின் மேசையில் இருந்த டப்பாவிலிருந்து ஒரு பென்சிலை எடுத்து, அவருக்கு முன்னால் வைத்தா.

"சேர், இது உங்களுக்கு."

சேர் அந்தப் பென்சிலைப் பார்த்தார். வாழ்க்கையில் முதல் தரம் அவர் உட்கார்ந்ததை நான் கண்டேன்.

"நான் கேட்டுப் பாத்துட்டேம்மா. தலைமை அலுவலகத்துல மாத்த மாட்டேங்கறாங்க. எழுதினது எழுதினபடி படிக்கணுமாம்."

"நான் படிக்கமாட்டன்."

"சரி. நீங்க தயிர் கம்பெனி சர்வே எடுத்துக்கங்க." பிறகு மற்ற எல்லோரையும் பார்த்துச் சொன்னார். "வேற யாருக்கும் வேணாம்னாலும் சொல்லிடுங்க. நான் எழுதி வெக்க மாட்டேன்."

தயிர் சர்வேயில் இரண்டு கதிரைக்குத்தான் வேலை இருந்தது. எல்லோரும் எழும்பினால் அறையை மூடிவிடுவார்கள் என்று எங்களுக்குத் தெரியும். அந்த அறை போனால் எங்களில் பாதிப்பேருக்கு இந்த நகரத்தில் வேறு வாசல் இல்லை. நான் ஒலிவாங்கியை மாட்டினேன். இதற்காக நான் யாரிடமும் மன்னிப்புக் கேட்கவில்லை, கேட்கப்போவதும் இல்லை. வாசித்தேன். முகம் தெரியாமல், மூச்சு எடுக்கும் இடத்தில் மூச்சு எடுத்து, அந்த அறையிலேயே மிகச் சுத்தமாக வாசித்தேன்.

சமையலறையில் தேநீர் ஊற்றும்போது சேர் பக்கத்தில் வந்து நின்றார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"இது கேக்கறது இல்ல சாந்தினி. பரப்பறது."

"தெரியும் சேர்."

"முப்பது வருஷம் பசங்களுக்குச் சொல்லிக் குடுத்தேன், கேள்வி சுத்தமா இருந்தாத்தான் பதில் சுத்தமா இருக்கும்னு." கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரும்பவும் எங்கள் பின்னால் நடக்கப் போனார். அவருடைய ஒழுங்கு எனக்கு ஒரு வீடு மாதிரி இருந்தது. அந்த வீட்டின் கூரையில் அன்று ஓட்டையைக் கண்டேன்.

பரவியது. சில நாட்களுக்குள்ளேயே தெரிந்தது. புதிதாக ஒரு வீட்டுக்கு எடுத்து, முதல் கேள்வியில் அவள் பெயரைச் சொன்னவுடனேயே ஒரு கிழவர் சொன்னார்: "ஓ, அந்தத் துப்பாக்கிக்காரக் குடும்பத்துப் பெண்ணா?" ஏழாம் கேள்வி அவரிடம் இன்னும் போகவில்லை. பக்கத்து வீட்டுக்குப் போயிருந்தது. அவர் தேவாலயத்தில் கேட்டிருப்பார், கடையில் கேட்டிருப்பார். என் வாயிலிருந்து போன சொல் எனக்கு முன்னாலேயே அங்கே போய் உட்கார்ந்திருந்தது.

அந்தக் கிழமை ஒருநாள் பஸ் தரிப்பில் யோகம் அக்கா என் கையைப் பிடித்தா.

"நான் சொல்லிப்போட்டன்."

"ஆருக்கு?"

"இஞ்ச லாசால்ல இருக்கிற என்ர மச்சாளுக்கு. அவளின்ர சம்பந்தி வீட்டுக்காரருக்கு அபிராமின்ர பெரியம்மா ஒண்டுவிட்ட சொந்தம். தாய் எவடமெண்டு தெரிஞ்சால் காணுமடி, மிச்சம் தானா வரும். தேத்தண்ணி ஆற முதல் பெரியம்மாவின்ர நம்பர் வந்திட்டுது."

எங்கள் சனத்துக்கு மட்டும் உரிய கெட்டித்தனம் இது. எங்கள் சனம் மட்டும் செய்யக்கூடிய பிழையும் இதுதான். ஒருவரை ஊரும் வளவும் கேட்டுக் கண்டுபிடித்துவிட்டால், அவர் எங்கள் ஆள் ஆகிவிட்டார் என்று நம்பிவிடுவோம்.

"அறையைப் பற்றி ஏதும் சொன்னியளோ அக்கா?"

"எல்லாம் சொன்னன். ஏன் ஒளிப்பான்? மொன்றியலில எங்கட பெட்டையள்தான் வாசிக்கினம், பாவங்கள், அதுகளுக்கும் விருப்பமில்லை, வேலைக்குப் பயந்துதான் எண்டு சொன்னன். பெரியம்மா உடன பிள்ளைக்கு எடுத்துச் சொன்னவவாம். பிள்ளை ரெலிபோனிலயே அழுததாம். எங்களுக்கு நன்றி சொல்லச் சொன்னதாம்."

எனக்குப் பயமாக இருந்தது. ஆனால் அந்தப் பிள்ளைக்கு இனித் தெரியும் என்பது ஆறுதலாகவும் இருந்தது. பஸ் வந்தது. குளிர் தொடங்கியிருந்தது. யோகம் அக்கா என் கையை விடாமலே ஏறினா.

அதன்பிறகு வந்த ஓர் அழைப்பு எனக்கு இன்னும் சொல்லுக்குச் சொல் நினைவிருக்கிறது. நடுத்தர வயது ஆண் குரல், மிகவும் மரியாதை. ஏழாம் கேள்வி வந்ததும், "இன்னொரு தரம் சொல்லுங்க கண்ணு, காது மந்தம்" என்றார். விதிப்படி அதே சொற்களில் இன்னொரு தரம் வாசித்தேன். எங்கிருந்து அழைக்கிறாய் என்றார். மொன்றியல், கனடா என்றேன். "அதுக்கு முன்னாடி? பிறந்தது எந்த நாடு?" அதைப் பற்றிக் கதைக்க எனக்கு அனுமதி இல்லை என்றேன். "யார் அனுமதிக்கலை?" என்றார். நான் கேள்விக்குத் திரும்பினேன். ராகவன் சேர் பின்னால் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். பென்சில் வரவில்லை. ஒரு பிழையும் இல்லாத அழைப்பு அது.

அந்த மனிதர் அதைப் பதிவு செய்துகொண்டிருந்தார் என்பது, பிறகு யோகம் அக்காவின் கைபேசியில் ஒரு காணொளியைப் பார்த்தபோதுதான் எங்களுக்குத் தெரிந்தது. அந்தக் கவுண்டியின் ஏதோ ஓர் உள்ளூர்ச் செய்தி. மேடையில் அபிராமி. அங்கே அவளை ஏபி என்கிறார்கள். எங்களைப்போல அவளும் பாதிப் பெயரோடுதான் தொழிலுக்குப் போகிறாள். நீல உடுப்பு, நேரான முதுகு, அந்த ஊரிலேயே பிறந்து வளர்ந்த ஆங்கிலம்.

"பாத்தியே, என்ன நிமிர்வு" என்றா யோகம் அக்கா.

ஏபி ஒலிவாங்கிக்குப் பக்கத்தில் கைபேசியைப் பிடித்து ஒரு பதிவைப் போட்டாள். கேள்வி ஓடியது. நாடு எது என்று ஆண் குரல் கேட்டது. எனக்கு அனுமதி இல்லை என்றது பெண் குரல். அதை அவள் இரண்டு தரம் போட்டாள். பிறகு கூட்டத்தைப் பார்த்துக் கேட்டாள்: இது நம் அயலவரின் குரலா? நம் பிள்ளைகளின் பள்ளிக்கூடத்தைப் பற்றிப் பேச, தன் நாட்டின் பெயரைக்கூடச் சொல்லமாட்டாத இந்தக் குரல் யார்? வெளிநாட்டார் நம் தேர்தலுக்குள் ஏன் வருகிறார்கள்? கூட்டம் எழும்பிக் கைதட்டியது.

யோகம் அக்காவின் முகத்தில் சிரிப்பு இன்னும் இருந்தது. அதை எங்கே வைப்பதென்று தெரியாமல் இருந்தது.

"எடி, உது உன்ர குரலெல்லே."

என் குரல்தான். முதல் முறையாக வெளியிலிருந்து அதைக் கேட்டேன். என் ஆங்கிலம் எவ்வளவு எங்கள் ஊர்த் தமிழாக இருக்கிறது என்று அன்றுதான் எனக்குத் தெரிந்தது. அவள் வேறு என்ன செய்திருக்கலாம் என்று பிறகு எத்தனையோ தரம் யோசித்துப் பார்த்தேன். அந்தக் கேள்வியை எழுதியவர்களைக் கேட்டிருக்கலாம். காசு கொடுத்தவர்களைக் கேட்டிருக்கலாம். அவர்களுடைய ஆங்கிலம் அவளுடையதைப் போலவே இருக்கும். அதில் சனத்துக்குக் காட்ட ஒன்றும் இல்லை. என்னுடையதில் இருந்தது. அவள்மீது எறிந்த கல்லை அவள் பிடித்துக்கொண்டாள், நல்லது. அதைத் திருப்பி எறிந்த திசையில் நாங்கள் இருந்தோம்.

அவள் வென்றாள். சின்ன வித்தியாசம், ஆனாலும் வெற்றி. வென்ற மறுநாள் தலைமை அலுவலகத்திலிருந்து இருவர் வந்தார்கள். அமெரிக்க வேலைகளை இனி அமெரிக்காவிலேயே செய்வார்களாம். வாடிக்கையாளர்கள் "பழகிய உச்சரிப்பை" விரும்புகிறார்களாம். வெள்ளிக்கிழமையோடு அறை மூடப்படும். ராகவன் சேருக்கும் அதே வெள்ளிக்கிழமை. அவர் எங்களுக்காக எழும்பி ஒன்று சொன்னார்: "இவங்க படிச்சதுல ஒரு வார்த்தை தப்பு இல்ல. நான் கேட்டேன்." வந்தவர்கள் தலையாட்டினார்கள். அது அவர்களுக்கு ஒரு தகவல்.

கடைசி வெள்ளிக்கிழமை யோகம் அக்கா ஒரு பெரிய பாத்திரத்தில் கேசரி கொண்டுவந்தா.

"கடை பூட்டுற அண்டைக்குக் கேசரியோ?" என்று ஒருத்தி பாய்ந்தாள். "உங்களாலதான் அக்கா எங்களுக்கு இந்த நிலைமை."

"ஓமடி, என்னாலதான்." யோகம் அக்கா பாத்திரத்தைத் திறந்தா. "எண்டாலும் எங்கட பிள்ளை வெண்டிட்டுது. அதுக்குக் கிண்டினது. விருப்பமெண்டால் தின்னு, இல்லாட்டி விடு."

திட்டியவளும் தின்றாள். எல்லோரும் தின்றோம். நெய் கூடிய, முந்திரிப்பருப்புப் போட்ட, நல்ல கேசரி. ராகவன் சேர் தன் பங்கைக் கைக்குட்டையில் மடித்துக்கொண்டார். பென்சில் டப்பாவைப் பைக்குள் போட்டு, நின்றபடியே இருந்தவர் அப்படியே நடந்து படியிறங்கிப் போனார். பிறகு ஒருநாள் அவரோடு கதைத்தபோது, எப்படியும் அடுத்த ஆண்டு இயந்திரத்தைக் கொண்டுவந்து அறையை மூடியிருப்பார்கள் என்றார். ஆறுதலுக்குச் சொன்னாரா, புள்ளிவிவரமாகச் சொன்னாரா என்று கேட்க எனக்கு மனம் வரவில்லை.

அதன்பின் நான் முதியோர் இல்லத்தில் தட்டுக் கழுவினேன். கார்தெரி என்ற குழந்தைகள் காப்பகம் ஒன்றில் குழந்தைகளுக்குச் சாப்பாடு பரிமாறினேன், அங்கே மூன்று வயதுப் பிள்ளைகள் என் பிரெஞ்சைத் திருத்தின. இடுப்பு இயலாமல் போனது. வீட்டில் இருக்கிறேன். வேலை அனுபவம் என்றால் இவ்வளவுதான். இந்த இடத்தில் முடித்திருப்பேன், போன கோடையில் அபிராமி மொன்றியலுக்கு வராமல் இருந்திருந்தால்.

எங்கள் மண்டபங்களில் ஒன்றில் அவளுக்கு ஒரு கௌரவிப்பு. பதாகையில் "அமெரிக்க அரசியலில் ஒரு தமிழ்ப் பெண்" என்று போட்டிருந்தார்கள். யோகம் அக்காதான் என்னை இழுத்துக்கொண்டு போனா. "ஒருக்காப் பாப்பமடி, எங்களாலதானே அந்தப் பிள்ளை." அபிராமி சேலை உடுத்தி வந்திருந்தாள். அழகாகவே இருந்தாள். எனக்குத் தமிழ் கொஞ்சம் கொஞ்சம் வரும் என்று தொடங்கியதும் மண்டபம் உருகியது. பொன்னாடை போர்த்தினார்கள். பிறகு ஆங்கிலத்தில் தன் கதையைச் சொன்னாள்: என்னைப் பற்றி அவதூறு பரப்ப வெளிநாட்டு அழைப்பு நிலையம் ஒன்றை அமர்த்தினார்கள், அந்தக் குரலையே பதிவு செய்து மக்களிடம் போட்டுக் காட்டினேன், மக்கள் புரிந்துகொண்டார்கள்.

மண்டபம் கைதட்டியது. எந்த நாட்டு அழைப்பு நிலையம் என்று அவள் சொல்லவில்லை. என் பக்கத்தில் யோகம் அக்காவும் தட்டினா. தட்டிக்கொண்டிருந்த கை மெல்ல மெல்ல மடியில் இறங்கியது.

கேள்வி நேரம் வந்தது. ஒலிவாங்கி கதிரை கதிரையாகக் கைமாறி வந்தது. நான் எழும்பி அதை வாங்கினேன். ஒலிவாங்கி எனக்குப் புதிதில்லை.

"குட் ஈவினிங், மை நேம் இஸ் சாண்டி."

அந்தக் குரலில், அந்த வேகத்தில், மூச்சு எடுக்கும் இடத்தில் மூச்சு எடுத்துச் சொன்னேன். மேடையில் அவளுடைய சிரிப்பு அப்படியே இருந்தது. கண் மட்டும் அசைந்து என்னிடம் வந்து நின்றது. அவளுக்குத் தெரிந்துவிட்டது.

பிறகு தமிழில் கேட்டேன். "அந்தக் கேள்வியைப் பற்றி உங்களுக்கு முதல் தகவல் தந்தது அதே அறையில் இருந்த தமிழ்ப் பெண்கள்தான் என்று தெரிந்துகொண்டுதான் அந்தக் குரலைப் போட்டீர்களா? ஓம், அல்லது இல்லை."

மண்டபத்தில் யாருக்கும் விளங்கவில்லை. முன்வரிசையில் ஒருவர் திரும்பிப் பார்த்தார். அபிராமி பொன்னாடையின் கரையைப் பிடித்திருந்தாள். வாய் ஒருமுறை திறந்தது. பக்கத்தில் நின்ற அமைப்பாளர், "அக்கா, கேள்வியைக் கொஞ்சம் விளக்கமாக் கேளுங்கோ" என்றார்.

நான் விளக்கவில்லை. ஒரு மூச்சு விட்டேன். அதே கேள்வியை, அதே சொற்களில், ஒரே ஒரு தரம் கேட்டேன்.

மின்விசிறி சுற்றியது. குழந்தை ஒன்று எங்கோ அழுதது. அவள் என்னைப் பார்த்தாள். நான் அவளைப் பார்த்தேன். அந்த மௌனத்தை நான் நிரப்பவில்லை, அவளுக்கு எடுத்துக் கொடுக்கவும் இல்லை. அமைப்பாளர் அடுத்த ஆளைத் தேடத் தொடங்கினார்.

"என் கேள்விகள் முடிந்தன. உங்கள் நேரத்துக்கு மிக்க நன்றி" என்று சொல்லி ஒலிவாங்கியைக் கொடுத்துவிட்டு உட்கார்ந்தேன்.

யோகம் அக்காவுக்குக் காது இப்போது கொஞ்சம் மந்தம். என் பக்கம் சாய்ந்தா.

"என்னடி, என்ன சொன்னவள்?"

"பதில் இல்லை எண்டு போடுங்கோ அக்கா."